ஒன்றரை ஏக்கர் அறுப்புக்கு ஒரு வேன் போலீஸ்

தை மாதம் எட்டாம் தேதி, வெயில் ஏறத் தொடங்கிய நேரத்தில், மணவாளனின் வலது கை மணிக்கட்டோடு வெட்டுப்பட்டு அவனுடைய கழனி வரப்பிலேயே விழுந்தது. அவன் மனைவி திலகவதி பத்தடி தள்ளி நின்றிருந்தாள். பிற்பாடு எத்தனையோ பேர் அவளிடம் அதைப் பற்றிக் கேட்டார்கள். போலீஸ்காரர், டாக்டர், வக்கீல் என்று யார் கேட்டாலும் முதலில் அவள் சொன்னது ஒன்றுதான்: "அவுரு கத்தவே இல்லீங்க."

திலகவதி பிறந்தது ஆர்.கே.பேட்டை பக்கம். இருபது வயதில் ஊத்துக்கோட்டைக்கும் கும்மிடிப்பூண்டிக்கும் நடுவில் இருக்கும் கழனிவாக்கத்துக்கு மருமகளாக வந்தாள். இப்போது நாற்பத்திரண்டு. பதினோரு வருஷமாகக் கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் நட்டு போல்ட்டு செய்யும் ஒரு கம்பெனியில் பேக்கிங் வேலை. வாரத்தில் ஆறு நாள் கம்பெனி பஸ், ஏழாவது நாள் கழனி. வாய் கொஞ்சம் அதிகம். சூப்பர்வைசர்களே அவளிடம் பார்த்துத்தான் பேசுவார்கள். மணவாளன் அதற்கு நேர்மாறு. பேச வேண்டிய இடத்தில்கூடத் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு நகர்ந்துவிடுவான். ஒரே மகள் நந்தினி திருவள்ளூரில் காலேஜ் படித்துக்கொண்டிருந்தாள்.

அவர்களுடைய கழனி ஒன்றரை ஏக்கர். ரோட்டை ஒட்டியது. அந்த ஊரில் ரோட்டை ஒட்டி நிலம் வைத்திருப்பது ஒரு காலத்தில் நஷ்டம் என்றுதான் பேசிக்கொள்வார்கள். போகிற வருகிற மாடெல்லாம் வாய் வைக்கும். சிப்காட் வளர வளர, லாரிகள் போக வர, அதே ரோட்டோர மண்ணுக்கு ஆள் ஆளுக்கு நாக்கைத் தொங்கப்போட ஆரம்பித்தார்கள். முதலில் தொங்கப்போட்டவன் தணிகாசலம், மணவாளனுடைய பெரியப்பா மகன். கம்பெனிகளில் கழிக்கும் இரும்பை மொத்தமாக எடுத்து விற்கிற ஸ்கிராப் தொழில். இரண்டு லாரி, பத்துப் பன்னிரண்டு ஆட்கள். இரும்பைக் கொட்டி வைக்க அவனுக்கு ரோட்டோரம் இடம் வேண்டும். அப்பாக்கள் இருவரும் பிரித்துக்கொண்டபோது தணிகாசலத்தின் அப்பாவுக்கு உள்பக்கத்து நிலம் வந்திருந்தது. அந்தப் பாகப்பிரிவினையே செல்லாது என்று சண்டைக்கு நின்றான்.

மணவாளன் ஊத்துக்கோட்டை கோர்ட்டுக்குப் போனான். ஒன்பது வருஷம் இழுத்தது. கடைசியில் தீர்ப்பு மணவாளன் பக்கம். நிலம் அவனுடையது, தணிகாசலமோ அவன் ஆட்களோ அதில் கால் வைக்கக் கூடாது என்று நிரந்தரத் தடை. கோர்ட்டு வாசலில் தணிகாசலம் சிரித்துக்கொண்டே வந்து தம்பியின் தோளில் கை போட்டான்.

"தீர்ப்பு காயிதத்துல கீதுடா தம்பி. கயனி ரோட்டுல கீது. பாத்துக்கலாம்."

அந்த வருஷம் அவர்கள் சம்பாவுக்கு பாபட்லா நெல் நட்டார்கள். நல்ல விளைச்சல். பொங்கல் கழித்து அறுக்கலாம் என்று ஊத்துக்கோட்டையிலிருந்து அந்தோணியின் அறுப்பு மெஷினைப் பேசி வைத்தார்கள். திலகவதி கம்பெனியில் லீவு போட்டாள்.

மெஷின் கழனியில் இறங்கி இரண்டு சால்கூட ஓடியிருக்காது. ரோட்டில் ஒரு வேன் வந்து நின்றது. ஏழு பேர் இறங்கினார்கள். பின்னால் வந்த காரிலிருந்து தணிகாசலம் இறங்கி, கதவில் சாய்ந்தபடி கையைக் கட்டிக்கொண்டு நின்றான். கழனிக்குள் அவன் வரவில்லை. கோர்ட்டு சொன்னதற்கு அவன் கொடுத்த மரியாதை அவ்வளவுதான்.

முதல் இரும்புக் குழாய் மெஷினின் கண்ணாடியில் விழுந்தது. இரண்டாவது அந்தோணியின் நெற்றியில். அவன் மேலிருந்து நெல்லுக்குள் தலைகுப்புற விழுந்தான். மணவாளன் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு, "வேணாம்டா, வேணாம்டா" என்று ஓடினான். எதிரே வந்தவன் குணா, தணிகாசலத்தின் மச்சினன். மணவாளன் வீட்டில் எத்தனையோ முறை உட்கார்ந்து சாப்பிட்டவன். அவன் கையில் நீளக் கத்தி இருந்தது. கழுத்துக்குத்தான் வீசினான். மணவாளன் கையை உயர்த்தியதால் அது மணிக்கட்டில் இறங்கியது.

திலகவதி ஓடி வந்தபோது குணா அவளைப் பார்த்து, "அக்கா, நீ தள்ளிக்க" என்றான். ரொம்ப மரியாதையாகச் சொன்னான். அந்த மரியாதைதான் அவளுக்கு மண்டைக்குள் ஏதோ அறுந்தது மாதிரி ஆக்கியது. வரப்பில் கிடந்த மண்வெட்டியை எடுத்தாள். குணா விலகிவிட்டான். அவன் பின்னால் நின்ற விமல் என்பவன் விலகவில்லை. மண்வெட்டியின் முதுகு அவன் தோள்பட்டையில் இறங்கியது. எலும்பு உடைந்த சத்தம் அவள் காதுக்கே கேட்டது. அவன் விழுந்தபிறகும் அவள் இன்னொரு முறை ஓங்கினாள். அதற்குள் மற்றவர்கள் அவனை இழுத்துக்கொண்டு வேனுக்கு ஓடினார்கள். கார் முதலில் கிளம்பியது, வேன் அதன் பின்னால்.

நெற்றியில் இரத்தம் வழிய அந்தோணிதான் தன் லுங்கியைக் கிழித்து மணவாளனின் முழங்கைக்கு மேல் இறுக்கிக் கட்டினான். திலகவதி வரப்பில் கிடந்த கையை எடுத்துத் தன் ஈரத் துண்டில் சுற்றினாள். போகிற வழியில் மீன்காரியின் பெட்டியிலிருந்து ஐஸ் வாங்கிக் கவரில் போட்டார்கள். ஷேர் ஆட்டோ, அப்புறம் ஆம்புலன்ஸ். சென்னைப் பெரிய ஆஸ்பத்திரியில் டாக்டர் கவரைத் திறந்து பார்த்துவிட்டுத் திரும்ப மூடினார்.

"கத்தி மொக்கைக் கத்திம்மா. எலும்பு நசுங்கிப்போச்சு. ஒட்டாது."

மறுநாள் அதே புடவையோடு திலகவதி ஸ்டேஷனுக்குப் போனாள். இரத்தம் காய்ந்து புடவையின் முன்பக்கம் தட்டையாக விறைத்திருந்தது. இன்ஸ்பெக்டர் அவளை உட்காரச் சொன்னார். எஃப்.ஐ.ஆர் போட்டாகிவிட்டது, தணிகாசலமும் குணாவும் தலைமறைவு என்றார்.

"இன்னா சார் தலைமறைவு? வர்ற வழியில பாத்தேன், அந்தாளு டீக்கடையில குந்திக்கினு பேப்பர் படிக்கிறாரு."

இன்ஸ்பெக்டர் அதைக் காதில் வாங்கவில்லை. ஒரு தாளை அவள் பக்கம் தள்ளினார். விமலின் தோள்பட்டையை உடைத்ததற்கு அவள் மேலும் ஒரு கேஸ்.

"ரெண்டு பக்கமும் கேஸ் கீதும்மா. நிலப் பிரச்சனை வேற. கொஞ்ச நாள் ரெண்டு பேரும் அந்தப் பக்கம் போவாத இருங்க."

"நெல்லு முத்திப் போச்சு சார். நாங்க போவாத இருக்கலாம், அது நிக்கணுமே."

"அதுக்கு நான் இன்னா பண்ண முடியும்? போலீஸ் பாதுகாப்புல அறுக்கணும்னா கோர்ட்டு ஆர்டர் வாங்கினு வா. ஆர்டர் வந்தா நானே வேன் போட்டுக்கினு வர்றேன், போதுமா?"

அவர் அதைச் சொன்னது அவளை அங்கிருந்து கிளப்பி அனுப்பத்தான். திலகவதி அதை வாக்காக எடுத்துக்கொண்டாள். "சரிங்க சார்" என்று எழுந்து, கும்பிட்டுவிட்டு வெளியே வந்தாள்.

ஊத்துக்கோட்டையில் அவர்கள் வழக்கை நடத்திய பெரிய வக்கீலிடம் ஜூனியராக இருந்தவர் குணசுந்தரி. இப்போது சென்னை ஹைகோர்ட்டில் வழக்காடிக்கொண்டிருந்தார். ஐம்பது வயது, கண்ணாடி, ஒரு பேச்சுக்கு இரண்டாம் பேச்சு கிடையாது. திலகவதி ஆஸ்பத்திரியிலிருந்து நடந்தே பாரிமுனைக்குப் போய் அவர் முன்னால் உட்கார்ந்தாள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டுக் குணசுந்தரி ஒரு கேள்விதான் கேட்டார்.

"அந்த விமலை நீங்க அடிச்சீங்களா?"

"அடிச்சேம்மா. இன்னொரு அடியும் அடிச்சிருப்பேன். இஸ்துகினு போயிட்டானுங்க."

"சரி. முதல் அடியை மனுவுல நானே எழுதிடறேன். எதிர்ல நிக்கறவங்க சொல்லி நீதிபதிக்குத் தெரியக் கூடாது, நாம சொல்லித் தெரியணும்." பிறகு, "மனசுல நினைச்ச ரெண்டாவது அடி உங்களோடயே இருக்கட்டும்" என்றார்.

மனுவில் கையெழுத்துப் போட அவள் மறுபடி சென்னைக்குப் போன அன்று, மத்தியானம், வீட்டுக்கு ஆட்கள் வந்தார்கள். நந்தினி தனியாக இருந்தாள். வாசலில் பேச்சுச் சத்தம் கேட்டதுமே பின்பக்கக் குளியலறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள். ஓடு உடைகிற சத்தம், டி.வி. விழுகிற சத்தம், அண்டா குண்டாவெல்லாம் தெருவில் உருள்கிற சத்தம். தெருவில் அத்தனை வீட்டுக் கதவும் சாத்தியிருந்தது. பிறகு கொல்லையில் சத்தம். குளியலறை ஜன்னல் இடுக்கில் நந்தினிக்கு மாட்டுக் கொட்டகை தெரிந்தது. கட்டியிருந்த சினை மாட்டின் பின்னங்கால் நரம்பைக் குணா ஒரே இழுப்பில் அறுத்தான். மாடு உட்கார்ந்தது. எழுந்திருக்கப் பார்த்துத் திரும்ப உட்கார்ந்தது. அது போட்ட சத்தத்தை நந்தினி இரண்டு காதையும் பொத்திக்கொண்டும் கேட்டாள்.

குளியலறைக் கதவை யாரோ கத்திப்பிடியால் தட்டினார்கள். குணாவின் குரல்.

"நந்தினி, உள்ள கீறேன்னு தெரியும். பயப்படாத. உங்கம்மாவாண்ட மட்டும் சொல்லு. கோர்ட்டுக்கு ஏறுற காலும் இதுமாரிதான் ஆவும்."

சாயங்காலம் திலகவதி வந்து சேர்ந்தபோது மாடு இன்னும் சாகவில்லை. கால்நடை டாக்டரை வரவழைத்து ஊசி போடச் சொன்னாள். அது அடங்குகிற வரைக்கும் அதன் தலையை மடியில் வைத்துக்கொண்டிருந்தாள். பிறகு நந்தினியை ஆர்.கே.பேட்டைக்கு, தன் அண்ணன் வீட்டுக்கு பஸ் ஏற்றிவிட்டாள். அவள் அழவில்லை என்று அக்கம்பக்கத்துப் பெண்கள் ஆச்சரியமாகப் பேசிக்கொண்டார்கள். அழுதாள். கும்மிடிப்பூண்டியிலிருந்து சென்னை போகும் மின்சார ரயிலில், பெண்கள் பெட்டியில், யாரும் தெரிந்தவர்கள் இல்லாத இடத்தில், பொன்னேரி வரைக்கும் அழுதாள்.

ஹைகோர்ட்டில் அவளுடைய வழக்கு முதல் நாள் கூப்பிட்டபோது போலீஸ் தரப்பின் பதிலைக் கேட்டு இரண்டு நாள் தள்ளிப்போட்டார்கள். இரண்டு நாள் கழித்து மறுபடி போனாள். கடைசி வரிசையில், சுவரை ஒட்டி நின்றாள். அரசு வக்கீல் எழுந்து, இது குடும்பத்துக்குள் நிலத்தகராறு, இரு தரப்பின் மீதும் வழக்கு இருக்கிறது, மனுதாரரே ஒருவரைத் தாக்கியிருக்கிறார், பாதுகாப்புக் கொடுத்தால் ஒரு பக்கத்துக்குச் சாதகமாகிவிடும் என்றார்.

"தாக்கியதை மனுவின் நான்காவது பத்தியில் நாங்களே சொல்லியிருக்கிறோம்" என்றார் குணசுந்தரி. "மனுதாரரின் கணவரின் கை வரப்பில் விழுந்த பிறகு நடந்தது அது."

நீதிபதி ஊத்துக்கோட்டை தீர்ப்பின் நகலைப் புரட்டினார். "நிரந்தரத் தடை இருக்கிறது. அதை மீறியவர்களைத் தடுப்பது எப்படி ஒரு பக்கத்துக்குச் சாதகமாகும்?" என்று கேட்டார். அரசு வக்கீல் தாளைப் பார்த்தார். நீதிபதி அடுத்துத் தமிழிலேயே, "பயிர் எத்தனை நாள் தாங்கும்?" என்றார்.

அரசு வக்கீலுக்கு அது தெரியவில்லை. குணசுந்தரிக்கும் தெரியவில்லை. அவர் பின்னால் திரும்பிப் பார்த்தார். திலகவதி நின்ற இடத்திலிருந்தே சொல்லிவிட்டாள்.

"நாலு நாளுங்கய்யா. அதுக்கு மேல கொட்டிப்பூடும்."

டவாலி ஒருவர் அவளைப் பார்த்து உஷ் என்றார். நீதிபதி கையைக் காட்டி அவரை நிறுத்தினார். உத்தரவு அங்கேயே சொல்லப்பட்டது. மூன்று நாளுக்குள் போலீஸ் பாதுகாப்போடு அறுவடை நடக்க வேண்டும். வீட்டுக்கும் காவல் போட வேண்டும். குற்றம் சாட்டப்பட்டவர்கள் ஏன் இன்னும் கைதாகவில்லை என்று இன்ஸ்பெக்டர் எழுத்துமூலமாகச் சொல்ல வேண்டும். எல்லாம் இங்கிலீஷில் சொன்னார்கள். வராந்தாவுக்கு வந்தபிறகு குணசுந்தரி தமிழில் சொன்னார். திலகவதி கேட்டுவிட்டு, "காயிதம் எப்பம்மா கைக்கு வரும்?" என்றாள்.

காகிதம் மறுநாள் மாலையில் வந்தது. இன்ஸ்பெக்டர் அதை இரண்டு முறை படித்தார். அவள் முகத்தைப் பார்க்கவில்லை. "காலையில எட்டு மணிக்கு ரெடியா இரு" என்றார்.

ஸ்டேஷனிலிருந்து வீட்டுக்குத் திரும்பும் வழியில், பொழுது சாயும் வெளிச்சத்திலேயே அவள் கண்ணில் அது பட்டது. ரோட்டோரமாக முப்பது முப்பத்தைந்து சென்ட் கழனியில் நெல்லே இல்லை. டிராக்டரை விட்டு அடித்திருந்தார்கள். கதிரும் தாளும் மண்ணும் ஒன்றாகக் குழம்பிக் கிடந்தன. அவள் உள்ளே இறங்கவில்லை. அங்கேயே நின்று அந்தோணிக்குப் போன் செய்தாள்.

"நாளைக்கு வருவியா அந்தோணி?"

அவன் நெற்றியில் ஏழு தையல். "பயமாத்தான் கீதுக்கா" என்றான். "வர்றேன். போலீஸ் முன்னாடி வரட்டும், நான் அதுக்கு பின்னாடி வர்றேன்."

காலையில் வேன் வந்தது. எஸ்.ஐ. அன்புசெல்வன், முப்பது வயதுக்குள் இருப்பவர். அவரோடு எட்டுப் பேர், அதில் இரண்டு பெண் போலீஸ். பின்னால் அந்தோணியின் மெஷின், உடைந்த கண்ணாடிக்குப் பதில் கம்பி வலை கட்டி. ஊர் சனம் ரோட்டுக்கு அந்தப் பக்கம் கூடி நின்று வேடிக்கை பார்த்தது. மெஷின் உள்பக்கத்திலிருந்து அறுக்கத் தொடங்கியது.

முக்கால் மணி நேரம் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு தணிகாசலமும் அவன் ஆட்களும் வந்தார்கள், இருபது பேருக்கு மேல். இந்த முறை பெண்களை முன்னால் விட்டிருந்தார்கள். தணிகாசலத்தின் மனைவியும் குணாவின் அக்காவுமான அஞ்சம்மாள் முடியை அவிழ்த்துப் போட்டுக்கொண்டு நேராக மெஷினுக்கு முன்னால் போய்ப் படுத்தாள். அந்தோணி மெஷினை நிறுத்தினான். பெண் போலீஸ் இருவரும் அவளைக் கையைப் பிடித்து இழுத்தார்கள். அவள் சேற்றை அள்ளி அவர்கள் முகத்தில் அப்பினாள். "என் மாமனார் மண்ணுடி இது" என்று கத்தினாள்.

அன்புசெல்வன் தணிகாசலத்திடம் கோர்ட்டு உத்தரவைப் படித்துக் காட்டிக்கொண்டிருந்தார். அப்போது கூட்டத்திலிருந்து ஒரு கருங்கல் பறந்து வந்தது. கைக்கு அடங்காத கல். அன்புசெல்வன் பக்கத்தில் நின்ற வயசான ஏட்டின் வாயில் அடித்தது. அவர் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு குந்தினார். விரலிடுக்கில் இரத்தத்தோடு இரண்டு பல் விழுந்தது. எறிந்தது குணா. அதை எல்லாரும் பார்த்தார்கள்.

பன்னிரண்டு நாளாக அசையாத போலீஸ் அந்த இரண்டு பல்லுக்கு அசைந்தது. லத்தி விழுந்த வேகத்தில் கூட்டம் ஒரே நிமிஷத்தில் சிதறியது. பெண்கள் செருப்பை விட்டுவிட்டு ஓடினார்கள். தணிகாசலம் காரை நோக்கி ஓடும்போது முதுகில் நாலு அடி விழுந்து வாய்க்காலில் உருண்டான். குணா அறுத்த தாளுக்குள் தடுக்கி விழுந்தான். மூன்று பேர் அவனைச் சூழ்ந்துகொண்டார்கள். தொடையில், முதுகில், உள்ளங்காலில். அன்புசெல்வன் அவன் வலது கையை இழுத்து வரப்பின் மேல் வைத்து, பூட்ஸ் காலால் முழங்கைக்குக் கீழே மிதித்து, லத்தியை இரண்டு கையாலும் ஓங்கினார். ஒரு முறை, இரண்டு முறை, மூன்று முறை. மூன்றாவதில் கை வேறு பக்கம் மடங்கியது. குணா "அக்கா" என்று கத்தினான். அஞ்சம்மாளைக் கூப்பிட்டானா, திலகவதியைக் கூப்பிட்டானா என்று தெரியவில்லை. அஞ்சம்மாளை ரோட்டில் பிடித்து வைத்திருந்தார்கள். திலகவதி ஐந்தடி தூரத்தில் நின்றிருந்தாள்.

ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அன்புசெல்வன் நிறுத்தியிருப்பார். இரண்டாவது அடிக்கும் மூன்றாவது அடிக்கும் நடுவில் அவர் நிமிர்ந்து அவளைப் பார்த்தார். அவள் பேசாமல் நின்றாள். பிறகு அந்தோணி பக்கம் திரும்பினாள்.

"நீ ஓட்டு" என்றாள்.

மெஷின் மறுபடி கிளம்பியது. மத்தியானத்துக்குள் மிச்சமிருந்த கழனி முழுக்க அறுத்து முடித்தார்கள்.

மறுநாள் ஆஸ்பத்திரியில் மணவாளனிடம், "அறுத்தாச்சு" என்றாள். அவன் தலையாட்டினான்.

"யாருக்கனா அடிபட்டுதா?"

அவள் எல்லாவற்றையும் சொன்னாள். குணாவின் கையைப் பற்றிச் சொன்னபோது மணவாளன் தன் கட்டுப் போட்ட கையைப் பார்த்தான். பிறகு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான்.

தணிகாசலமும் குணாவும் கைதானார்கள். நாற்பது நாள் உள்ளே இருந்துவிட்டு ஜாமீனில் வந்தார்கள். கோர்ட்டு சொன்னபடி திலகவதியின் வீட்டுக்கு முறை வைத்து ஒரு போலீஸ்காரர் காவல் இருந்தார். அவள் நாற்காலி போட்டுக் கொடுப்பாள், நாஷ்டா கொடுப்பாள். கம்பெனி பஸ் நிற்கிற இடம் வரைக்கும் அவர் கூட வந்து ஏற்றிவிடுவார். அன்புசெல்வன் அவ்வப்போது வந்து, "பேஜாரு ஒன்னும் இல்லையேக்கா?" என்று கேட்டுவிட்டுப் போவார். நந்தினி வீட்டுக்குத் திரும்பி வந்தாள்.

சித்திரை மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அஞ்சம்மாள் வந்தாள், தனியாக. காவலுக்கு இருந்தவர் அவளை வாசலிலேயே நிறுத்தினார். திலகவதி உள்ளே விடச் சொன்னாள்.

அஞ்சம்மாள் தரையில் உட்கார்ந்தாள். "கேஸை வாபஸ் வாங்கச் சொல்லிக் கேக்க வர்ல திலகா" என்றாள். "என் தம்பி கை கோணலா சேர்ந்துபோச்சு. சோறு பிசைய வர்ல. போலீஸ் மேல மனு கொடுத்தோம். ஆர்.டி.ஓ. விசாரிக்கப் போறாரு. அவன் ஓடும்போது வரப்புல வியுந்து ஒடிஞ்சுதுன்னு எழுதி வச்சிக்கிறாங்க. எங்க ஆளுங்க சொன்னா எவன் நம்புவான்? கிட்ட நின்னு பாத்தவ நீதான்."

திலகவதி உள்பக்கம் திரும்பி, "இன்னாங்க, அக்காவுக்குத் தண்ணி கொண்டாங்க" என்றாள்.

மணவாளன் சொம்போடு வந்தான். இடது கையில் சொம்பு ஆடியது. வலது கை முனையால் அதைத் தாங்கப் பார்த்தான். பாதித் தண்ணீர் அஞ்சம்மாளின் மடியில் கொட்டியது. அஞ்சம்மாள் அந்த முனையைப் பார்த்தாள். பார்க்காமல் இருக்க முடியாதபடி அது அவள் முகத்துக்கு நேராக இருந்தது. சொம்பை இரண்டு கையாலும் வாங்கினாள். குடிக்கவில்லை.

"என்னை மன்னிச்சுடு தம்பி" என்றாள்.

மணவாளன், "இருக்கட்டும் அண்ணி" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டான்.

அவள் போனபிறகு திலகவதிக்குத் தன் மேலேயே வெறுப்பு வந்தது. வேண்டுமென்றேதான் அவனைத் தண்ணீர் கொண்டுவரச் சொன்னாள். அது அவனுக்கும் தெரிந்திருந்தது. "இன்னொரு தபா என்னை அதுமாரி காட்சிக்கு வெக்காத" என்றான் அவன். இரண்டு பேருக்கும் கல்யாணமாகி இருபத்திரண்டு வருஷத்தில் அவன் அவளிடம் அத்தனை கோபமாகப் பேசியது அதுதான் முதல் முறை.

விசாரணைக்கு இரண்டு நாள் முன்னால் அன்புசெல்வன் வந்தார். இந்த முறை உட்காரவில்லை.

"அக்கா, ஆர்.டி.ஓ. கேட்டா ஓடும்போது வியுந்தான்னு சொல்லிடுங்க. இல்ல, மெஷினாண்ட நின்னேன், கவனிக்கலைன்னு சொல்லுங்க. உங்களுக்காகத்தான் செஞ்சோம். நாளைக்கும் நாங்கதான் உங்க ஊட்டு வாசல்ல நிக்கணும்."

அது மிரட்டலா, வேண்டுதலா என்று அவளுக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை. இரண்டுமாகத்தான் இருந்திருக்கும். குணசுந்தரிக்குப் போன் செய்து கேட்டாள். "காவல் கோர்ட்டு கொடுத்தது, அவர் கொடுத்தது இல்லை. நீங்க என்ன சொன்னாலும் அதை எடுக்க அவரால முடியாது. என்ன சொல்றதுங்கறதை நீங்கதான் முடிவு பண்ணணும்" என்றார் அவர்.

ஆர்.டி.ஓ. அலுவலகத்தில் அவளை உட்கார வைத்துக் கேட்டார்கள். வராந்தாவில் ஒரு பக்கம் அன்புசெல்வனும் ஏட்டும். ஏட்டுக்குப் புதுப் பல் கட்டியிருந்தது. இன்னொரு பக்கம் தணிகாசலமும் குணாவும் அஞ்சம்மாளும். குணாவின் வலது முன்கை வில் மாதிரி வளைந்து தொங்கியது. அதிகாரி கேட்டார்: "குணா கை எப்படி உடைஞ்சுதுன்னு நீங்க பார்த்தீங்களா?"

"பாத்தேன் சார்" என்றாள் திலகவதி. "எஸ்.ஐ. சார் வரப்பு மேல கைய வெச்சி மிதிச்சிக்கினு லத்தியால அடிச்சாரு. மூணு அடி. மொதல்ல கல்லு உட்டது குணாதான். ஏட்டய்யாவுக்குப் பல்லு போனது அதுலதான். அதையும் எழுதிக்கங்க."

அதிகாரி எழுதினார். பிறகு நிமிர்ந்து, "உங்க புருஷன் கையை வெட்டினவன் இவன்தானே?" என்றார்.

"ஆமா சார். அந்தக் கேஸுலயும் நான்தான் சாட்சி. அங்க வந்து அதைச் சொல்லுவேன்." பிறகு, யாரும் கேட்காமலேயே சொன்னாள்: "அன்னிக்கு நான் போதும்னு சொல்லியிருக்கலாம் சார். சொல்லல. அதுவும் நெஜந்தான்."

அதை அதிகாரி எழுதிக்கொண்டாரா இல்லையா என்று அவளுக்குத் தெரியாது.

அன்புசெல்வனை வேறு ஸ்டேஷனுக்கு மாற்றினார்கள். அதைத் தாண்டி அவர் மேல் என்ன நடவடிக்கை என்று இன்றுவரை முடிவாகவில்லை. மணவாளன் கை வழக்கு திருவள்ளூர் கோர்ட்டில் நடக்கிறது. திலகவதி இரண்டு நாள் கூண்டில் நின்று சாட்சி சொல்லிவிட்டாள். விமல் கொடுத்த வழக்கிலும் அவள் மாதம் ஒரு முறை ஆஜராகிறாள். தணிகாசலம் ஸ்கிராப் கொட்ட வேறு இடம் பிடித்துக்கொண்டான். எதிரில் வந்தால் தலையைத் திருப்பிக்கொள்வான். குணா மட்டும் ஒரு நாள் பஸ் ஸ்டாப்பில் அவள் பக்கத்தில் வந்து நின்றான். காவலுக்கு வந்த போலீஸ்காரர் லத்தியை இறுக்கிப் பிடித்தார். குணா அவளைப் பார்த்து ஏதோ சொல்ல வாயெடுத்தான். பிறகு சொல்லாமல் ரோட்டைக் கடந்து போய்விட்டான்.

வழக்கு முடிகிற வரைக்கும் காவல் தொடர வேண்டும் என்று கோர்ட்டு நீட்டித்துக் கொடுத்திருக்கிறது. முறைப்படி ஒருவர் வருகிறார், வாசலில் நிற்கிறார், நோட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போகிறார். ஆனால் அந்த விசாரணைக்குப் பிறகு எந்தப் போலீஸ்காரரும் அவள் வீட்டில் ஒரு வாய் தண்ணீர் வாங்கிக் குடிப்பதில்லை. நாற்காலி போட்டால் உட்கார்வதில்லை. திலகவதி தினமும் காலையில் நாற்காலியைக் கொண்டுபோய் வாசலில் போட்டுவிட்டுத்தான் கம்பெனி பஸ்ஸுக்குக் கிளம்புகிறாள்.